ஸ்டில் வாக்கிங் ப்ளூரே: கிரின் கிகிக்காகவே வாங்கலாம், ஆனா ப்ளேயரைப் பாத்துட்டு வாங்குங்க

மொதல்லயே முடிவைச் சொல்லிடறேன், பொறுமை இல்லாதவங்க இதோட கெளம்பிடலாம். கிரைட்டீரியன் கம்பெனி 2011ல போட்ட ஸ்டில் வாக்கிங் ப்ளூரேவை தாராளமா வாங்கலாம், காசுக்கு மோசமில்ல, ஆனா உங்க வீட்டு ப்ளேயர் அதை ஓட்டுமான்னு தெரிஞ்சுக்காம ஆர்டர் போட்டுடாதீங்க, அந்தக் கதையை கீழ விவரமா சொல்றேன். இது ஜப்பானியப் படம், 2008ல ஹிரோகாசு கொரே-எடா எடுத்தது. சினிமா பேசறவங்க எல்லாரும் இதை அவரோட படமாத்தான் பேசுவாங்க, தப்பில்ல, அவரே எழுதி இயக்கி எடிட் பண்ணது. ஆனா நான் இந்த டிஸ்க்கை வாங்கினது டைரக்டருக்காக இல்ல, இதுல அம்மாவா வர்ற கிரின் கிகிக்காக. அதனால இந்த ரிவ்யூவும் பாதி டிஸ்க்கைப் பத்தியும் பாதி அந்த அம்மாவைப் பத்தியும்தான் இருக்கும், பிக்சர் குவாலிட்டி மட்டும் தெரிஞ்சா போதும்ங்கறவங்க நடுவுல நாலஞ்சு பத்தியைத் தாண்டிக்கங்க.

கிரின் கிகி யாருன்னு கேக்கறவங்களுக்கு: ஷாப்லிஃப்டர்ஸ் பாத்திருப்பீங்க, 2018ல கான் விழாவுல தங்கப் பனை வாங்குன படம், அதுல பல்செட்டைக் கழட்டி வச்சுட்டு, நரைச்ச முடியைக் கண்டபடி வளரவிட்டு, பென்ஷன் காசுல ஒரு குடும்பத்தையே ஓட்டற ஒரு பாட்டி வருவாங்கல்ல, அவங்கதான். அந்தப் படத்துக்கு அப்புறம் நம்மாளுங்க உலக சினிமாவோட பாட்டின்னு அவங்களை ஒரு பீடத்துல தூக்கி வச்சுட்டாங்க, அமைதி, கருணை, ஞானம்னு என்னென்னமோ எழுதறாங்க. எனக்கு அதுல கொஞ்சம் கடுப்பு உண்டு. ஏன்னா அந்தம்மா அடிப்படையில டிவி காமெடி நடிகை. குசும்பு புடிச்ச ஆளு. அந்தக் குசும்பு இல்லன்னா ஸ்டில் வாக்கிங்ல அவங்க பண்ற கொடுமை நமக்கு இவ்ளோ ஆழமா இறங்காது. இந்த டிஸ்க்கை வாங்கறவங்க அதைத் தெரிஞ்சுகிட்டு பாத்தா படம் வேற மாதிரி தெரியும்ங்கறதுதான் நான் சொல்ல வர்றது.

1943ல டோக்கியோவுல பொறந்தவங்க, 1961ல புங்காகுசாங்கற நாடகக் குழுவுல சேந்தாங்க. அப்போ பேரு யூகி சிஹோ. 1964ல டிவி சீரியல்ல வேலைக்காரப் பொண்ணா வந்து ஃபேமஸ் ஆனாங்க, அதுல ஹிசாயா மோரிஷிகேன்னு பெரிய நடிகர் கூட நடிச்சு காமெடியில கை தேறிட்டாங்க. அப்புறம் வந்தது 1974ல டிபிஎஸ் சேனல்ல தெராஉச்சி கான்தாரோ இக்கா. டோக்கியோவுல கல்தச்சர் குடும்பம் ஒண்ணு, அப்பா கான்தாரோ குண்டா, கோவக்காரரா இருப்பாரு, எதுக்கெடுத்தாலும் மேசையைக் கவுத்து மகனோட கட்டிப் புரளுவாரு. அந்த கான்தாரோவுக்கு அம்மாவா, அதாவது அந்த வீட்டுப் பாட்டியா நடிச்சது நம்ம கிகி. அப்ப அவங்களுக்கு வயசு 31. இவங்களுக்கு மகனா, அதாவது அந்த கான்தாரோவா நடிச்ச அசெய் கோபயாஷி உண்மையில இசையமைப்பாளர், 1932ல பொறந்தவரு, அதாவது அம்மாவை விட மகனுக்கு பத்து வயசுக்கு மேல ஜாஸ்தி! மேக்கப்பைப் பெருசா நம்பாம முடியை வெளுக்க வச்சு, முதுகை வளைச்சு, உடையிலயும் நடையிலயும் கெழவியாயிட்டாங்க. ஆனா கை மட்டும் முப்பது வயசுப் பொண்ணு கை மாதிரியே இருந்துச்சு, அதை என்ன பண்ண முடியும், அதனால விரல் பக்கம் வெட்டுன க்ளவுஸை சீரியல் பூரா மாட்டிகிட்டே நடிச்சாங்க. செவத்துல ஜூலின்னு செல்லப்பேரு இருக்கற கென்ஜி சவாதாங்கற பாடகரோட போஸ்டர் ஒட்டியிருக்கும், பாட்டி அதைப் பாத்து ஜூலீஈஈன்னு உடம்பை நெளிச்சு கத்துவாங்க, ஜப்பானே அதுக்கு விழுந்து விழுந்து சிரிச்சிருக்கு.

அந்தக் கையை ஞாபகம் வச்சுக்கங்க, ஏன்னா இந்த டிஸ்க்கைப் போட்டதும் மொதல்ல வர்றதே கைதான். முள்ளங்கியும் கேரட்டும் சீவற சத்தம், அம்மாவும் மகளும் பேச்சு, பேச்சு பூரா சமையல் பத்தி, மகள் ஏதோ ஆர்வமில்லாம கேக்கறா, அம்மா பேசிகிட்டே சீவறாங்க, கை தானா ஓடுது. 65 வயசு கை, இப்ப க்ளவுஸ் தேவைப்படல. யோகோயாமா குடும்பம், மூத்த மகன் ஜுன்பெய் கடல்ல முங்கப் போன ஒரு பையனைக் காப்பாத்தப் போயி செத்துட்டான், வருஷா வருஷம் அந்த நாள்ல எல்லாரும் அப்பா அம்மா வீட்டுக்கு வர்றாங்க. ஒரு பகல், ஒரு ராத்திரி, மறுநாள் காலையில கொஞ்சம், அவ்ளோதான் கதை. இரண்டாவது மகன் ரியோதாவா ஹிரோஷி அபே, ரிட்டயர்டு டாக்டர் அப்பாவா யோஷியோ ஹராதா, வெடுக்குனு பேசற மகளா யூ. ரியோதா கல்யாணம் பண்ணியிருக்கறது புருஷன் செத்துப்போன ஒரு பொண்ணை, அவளுக்கு ஒரு பையன் இருக்கான், அந்த மருமகளா யுய் நட்சுகாவா. சண்டை கிடையாது, அழுகை ரொம்ப கம்மி, யாரும் யார் சட்டையையும் புடிக்கல, ஆனா சாயங்காலம் ஆகறதுக்குள்ள ஒவ்வொருத்தருக்கும் எங்கயோ ஒரு ஊசி குத்தியிருக்கும், குத்துனது பெரும்பாலும் அந்த அம்மாதான்.

மக்காச்சோள டெம்புரா சீன் இந்தப் படத்துல ரொம்ப பிரபலம். கட்டை விரலால சோளத்தை உதுத்து எடுப்பாங்க, மாவுல போட்டு எண்ணெயில விடுவாங்க, சோளம் வெடிச்சுத் தெறிக்கும், எல்லாரும் ஒரு எட்டு பின்னாடி போவாங்க, அந்த சத்தம் கேட்டதும் மாடியில இருக்கறவங்க கூட இறங்கி வந்துடுவாங்க. ப்ளூரேல இந்த சத்தம் இருக்கே, அது தனி சுகம். அப்ப ஒரு பழைய கதை வரும், சின்ன வயசுல பக்கத்துக் காட்டுல சோளம் திருடுனது, அன்னைக்கு ராத்திரியே அந்தக் காட்டுக்காரர் சோளம் கொண்டு வந்து குடுக்கவும் புள்ள ஒருத்தன் சமயோசிதமா ஒண்ணு சொல்லி சமாளிச்சது. அம்மா அந்தக் கதையை செத்துப்போன ஜுன்பெய் சொன்னதாவே சொல்லுவாங்க. ஆனா அதைச் சொன்னது ரியோதா. அவன் முன்னாடியே உக்காந்திருக்கான், அம்மா வேணும்னு பண்ணல, நல்ல விஷயம் எல்லாம் மூத்தவன் கணக்குல சேந்துருச்சு, அவ்ளோதான். கிகி அதைச் சொல்றப்போ மொகத்துல ஒரு பெருமை வரும் பாருங்க, காமெடி நடிகைங்க பஞ்ச் சொல்லிட்டு நிக்கற அதே பெருமை, சிரிச்சுகிட்டே பாக்கறோம், ரெண்டு செகண்ட் கழிச்சுதான் ரியோதா மொகம் கண்ணுல படும்.

இப்ப யோஷியோ. ஜுன்பெய் காப்பாத்துன அந்தப் பையன், இப்ப வளந்து குண்டா, வேர்வையோட, சரியா வேலை கூட இல்லாம இருக்கான், வருஷா வருஷம் இந்த வீட்டுக்கு வந்து முட்டி போட்டு உக்காந்து மன்னிப்பு கேக்கற மாதிரியே சாப்புட்டுப் போறான். அம்மா அவன்கிட்ட அவ்ளோ மரியாதையா நடந்துக்கறாங்க, அடுத்த வருஷமும் கண்டிப்பா வரணும்னு சொல்லி அனுப்பறாங்க. ராத்திரி ரியோதா சொல்லுவான், போதும்மா, பாவம், அவனை இனி கூப்பிட வேணாம்னு. அம்மா கீழ உக்காந்து குரோஷா ஊசியில லேஸ் பின்னிகிட்டிருப்பாங்க. தலையைத் தூக்க மாட்டாங்க. குரல் ஏறாது. அதுக்குத்தான் கூப்பிடறேன்னு சொல்லுவாங்க. வெறுக்க ஒரு ஆள் இல்லன்னா இன்னும் கஷ்டம், வருஷத்துல ஒரு நாளாவது அவனும் கஷ்டப்படட்டும், அடுத்த வருஷமும் கூப்பிடுவேன். ஊசி அது பாட்டுக்கு உள்ள போகுது வெளிய வருது. நான் பார்த்த எத்தனையோ படங்கள்ல வில்லனுங்க உருட்டுன கண்ணெல்லாம் இந்த ஊசி கிட்ட நிக்காது. ரிமோட்டை எடுத்து திருப்பி ஓட்டிப் பாருங்க, ரெண்டாவது தடவை பாக்கறப்போ அவங்க மொகத்தை விட்டுட்டு விரலை மட்டும் பாருங்க, கொடூரமான வார்த்தை வர்ற எடத்துல கை வேகம் கூடவும் இல்ல கொறையவும் இல்ல. பகல்ல மரியாதையா கேட்டுச்சு பாருங்க அதே பேச்சு, இப்ப அதுக்கு வேற அர்த்தம் ஆயிடுது. ஜோக்கை ஒரு எடத்துல போட்டு அதோட அடியை வேற எடத்துல வைக்கறது டிவி காமெடில பழகுன ஆளுக்குத்தான் இவ்ளோ சுலபமா வரும்.

இன்னொரு சீன், பழைய ரெக்கார்டு ஒண்ணை எடுத்துப் போடச் சொல்லுவாங்க, ப்ளூ லைட் யோகோஹாமான்னு 1968ல வந்த ஹிட் பாட்டு, படத்தோட ஜப்பானியப் பேரே அந்தப் பாட்டுல வர்ற வரியிலேந்து எடுத்ததுதான். எல்லாருக்கும் முன்னாடி ஜாலியா போடுவாங்க, கூடவே பாடுவாங்க. அப்புறம் புருஷன் குளிச்சிகிட்டிருக்கறப்போ பாத்ரூம் கதவுக்கு வெளியேந்து, மாத்துத் துணியை வச்சுகிட்டே சாவகாசமா சொல்லுவாங்க, நீங்க வேற ஒருத்தி வீட்ல இந்தப் பாட்டைப் பாடிகிட்டிருந்தப்போ நான் வெளியில நின்னு கேட்டேன்னு. உள்ள தண்ணிக்குள்ள உக்காந்திருக்கற மனுஷனோட மொகம்! இதைப் பாக்கறப்போ கிகியோட சொந்த வாழ்க்கை ஞாபகம் வராம இருக்காது. 1973ல ராக் பாடகர் யூயா உச்சிதாவைக் கல்யாணம் பண்ணாங்க, கொஞ்ச நாள்லயே தனித்தனியா வாழ ஆரம்பிச்சாச்சு, 1981ல அவரு இவங்க சம்மதம் இல்லாமலே விவாகரத்துப் பத்திரத்தைத் தாக்கல் பண்ணிட்டாரு, இவங்க கோர்ட்டுக்குப் போயி அது செல்லாதுன்னு தீர்ப்பு வாங்கிட்டாங்க. கடைசி வரைக்கும் தனித்தனி வீடு, ஆனா புருஷன் பொண்டாட்டிதான். 2018 செப்டம்பர்ல இவங்க போனாங்க, அவரு அடுத்த மார்ச்ல போயிட்டாரு.

இவ்ளோ பண்ணதுக்கு அவங்களுக்கு ஜப்பான்ல ப்ளூ ரிப்பன் விருது குடுத்தாங்க, எதுக்கு? சிறந்த துணை நடிகைக்கு. படத்தையே தூக்கி சுமக்கறவங்க துணையாம். சரி விடுங்க.

டிஸ்க்குக்கு வர்றேன். படம் 115 நிமிஷம். டைரக்டரும் ஒளிப்பதிவாளர் யுதாகா யமசாகியும் மேற்பார்வை பாத்த டிரான்ஸ்ஃபர், அதாவது ஃபிலிமை டிஜிட்டலா மாத்துனது. ரொம்ப பளபளன்னு எதிர்பாக்காதீங்க, ஃபிலிம்ல எடுத்த படம், க்ரெயின், அதாவது ஃபிலிம்ல தெரியற பொடிப்பொடி புள்ளி, அப்படியே இருக்கும், துடைச்சு மெழுகு பொம்மை ஆக்கல. வீட்டுக்குள்ள சன்னல் வழியா வர்ற வெயில் மதியத்துலேந்து சாயங்காலத்துக்கு மெல்ல மாறறது இதுல நல்லாவே தெரியுது, ஸ்ட்ரீமிங்ல அந்த இருட்டு எடமெல்லாம் கட்டம் கட்டமா உடையும். ராத்திரி ஒரு மஞ்சப் பட்டாம்பூச்சி வீட்டுக்குள்ள வந்துடும், அது செத்துப்போன மகன்தான்னு சொல்லி அம்மா கையை நீட்டிகிட்டு ரூம் ரூமா அலைவாங்க, அந்த மங்கலான வெளிச்சத்துல அவங்க கை எங்க இருக்குன்னு தெளிவா பாக்க முடியறது இந்த டிஸ்க்கோட பலன். சவுண்டைப் பத்தி பெருசா சொல்ல ஒண்ணுமில்ல, கோன்டிடிங்கற கிட்டார் ஜோடி போட்ட இசை கொஞ்சூண்டுதான் வரும், மத்ததெல்லாம் வீட்டுச் சத்தம். அதுக்குப் பெரிய ஹோம் தியேட்டர் வேணாம், நல்ல ஹெட்ஃபோன் போதும். சப்டைட்டில் ஆங்கிலம் மட்டும்தான், பேச்சு வேகமா ஒண்ணு மேல ஒண்ணு விழற எடத்துலயும் படிக்க முடியற மாதிரி போட்டிருக்காங்க.

எக்ஸ்ட்ராஸ்ல டைரக்டர் பேட்டி ஒண்ணு, ஒளிப்பதிவாளர் பேட்டி ஒண்ணு, படம் எப்படி எடுத்தாங்கன்னு ஒரு டாக்குமெண்டரி, ட்ரெயிலர். கொரே-எடாவோட அம்மா தவறினதுக்கு அப்புறம் எழுதுன கதை இது, அவரு பேட்டியைப் பாத்துட்டு படத்தைத் திருப்பிப் பாத்தா அம்மா பேசற சில வரி யாரோட வரியா இருக்கும்னு புரியும். கூட வர்ற புக்லெட்ல டெனிஸ் லிம் எழுதுன கட்டுரையும், அப்புறம் இதுதான் விசேஷம், படத்துல செய்யற சாப்பாட்டுக்கு ரெசிபியும் இருக்கு! சினிமா டிஸ்க்ல ரெசிபி போடணும்னு எவனுக்குத் தோணுச்சோ அவன் நல்லாருக்கணும். சோள டெம்புரா நானும் போட்டுப் பாத்தேன், நல்லா வருது, ஒண்ணு மட்டும் சொல்றேன், ஃப்ரோசன் ஸ்வீட் கார்னை ஈரத்தோட எண்ணெயில விட்டுடாதீங்க, துணியில ஒத்தி எடுத்துட்டு போடுங்க, படத்துல வெடிக்கறது அழகா இருக்கும், நம்ம கிச்சன்ல மூஞ்சிக்கு வரும்.

கொறைன்னா பெரிய கொறை ஒண்ணு இருக்கு, கிரின் கிகிக்குன்னு தனியா ஒரு பேட்டி இதுல கிடையாது. டிஸ்க் வந்த 2011ல அவங்க நல்லாவே நடமாடிகிட்டு இருந்தாங்க. அந்தம்மா வாயைத் திறந்தா எப்படி இருக்கும்னு தெரிஞ்சவங்களுக்கு இது வயித்தெரிச்சல். ஒரு உதாரணம் சொல்றேன். 1977ல ஒரு டிவி சேனல் பேரு மாறி டிவி அசாஹி ஆச்சு, அதுக்கு ஒரு ஸ்பெஷல் ப்ரோக்ராம், அதுல ஏலம், நட்சத்திரங்க எல்லாம் ஏதாவது பொருள் குடுக்கணும். இவங்க விக்கறதுக்கு எங்கிட்ட ஒண்ணும் இல்லன்னு சொல்லி தன்னோட பேரையே ஏலத்துல விட்டுட்டாங்க. யூகி சிஹோங்கற பேரு 20,200 யென்னுக்குப் போச்சு. பதினாறு வருஷம் சம்பாதிச்ச பேரு! அதுக்கப்புறம் வச்சுகிட்ட பேருதான் கிரின் கிகி. மார்க்கெட்ல இருக்கற நடிகை எவளாவது இந்த வேலையைப் பண்ணுவாளா?

அப்புறம் ஃப்யூஜி ஃபிலிம் விளம்பரம். போட்டோ கடை கவுன்டர், கடைக்காரப் பொண்ணா கயோகோ கிஷிமோதோ, கஸ்டமரா நல்லா அலங்காரம் பண்ணிகிட்டு கிகி. அழகா இருக்கறவங்க போட்டோ இன்னும் அழகா வரும்னு சொல்லுவா அந்தப் பொண்ணு. அழகில்லாதவங்க போட்டோன்னு இவங்க இழுக்க, அதுக்குத் தகுந்த மாதிரி வரும்னு பதில். மொதல்ல எழுதியிருந்தது அழகில்லாதவங்களும் அழகா வருவாங்கன்னுதான், அது பொய்யில்லையான்னு இவங்க சொல்லித்தான் மாத்துனாங்க. சரக்கு விக்கற விளம்பரத்துல நின்னுகிட்டு பொய் சொல்ல மாட்டேன்னு சொல்றதுக்கு ஒரு தில்லு வேணும், மாத்துனதால விளம்பரம் பிச்சுகிட்டு ஓடுச்சுங்கறது வேற விஷயம். இவங்களுக்கு மேனேஜர் கிடையாது, ஏஜென்சி கிடையாது, வீட்ல ஒரு ஃபேக்ஸ் மெஷினும் ஆன்சரிங் மெஷினும்தான், படம் வேணும்னா அதுல சொல்லணும், சம்பளமும் அவங்களே பேசிக்குவாங்க.

இதையெல்லாம் பாக்கணும்னா நமக்கு வழி இல்லங்கறதுதான் எரிச்சல். 1974 சீரியலுக்கு ஜப்பான்ல டிவிடி பெட்டி வந்திருக்கு, ஆங்கில சப்டைட்டில் கிடையாது, அதோட எந்த நாட்டு ப்ளேயர்ல எந்த டிஸ்க் ஓடும்னு ரீஜன் ரீஜனா பிரிச்சு வச்சிருக்காங்க, அது ரீஜன் 2 டிஸ்க், நம்ம ஊரு டிவிடி ரீஜன் 5. ஜப்பான் டிவி பழைய சரக்கை வெளிநாட்டுக்குக் குடுக்கறதுல எப்பவுமே கஞ்சத்தனம்தான். ஆக வெளியில இருக்கறவங்களுக்கு பெரும்பாலும் அவங்க 60 வயசுக்கு மேல பண்ணதுதான் கெடைக்குது, அதுக்கு முன்னாடி நாப்பது வருஷம் ஒரு தேசத்தையே சிரிக்க வச்சது கெடைக்கல, அதனாலதான் எல்லாரும் அவங்களை சாந்த சொரூபிப் பாட்டின்னு நெனைச்சுகிட்டு இருக்காங்க.

ஸ்டில் வாக்கிங் புடிச்சுப்போச்சுன்னா அடுத்து என்ன வாங்கறதுன்னு கேப்பீங்க. நான் ஸ்வீட் பீனைச் சொல்லுவேன், 2015ல நவோமி கவாசே எடுத்தது, ஜப்பான்ல பேரு ஆன். தொராயாகி, அதாவது நடுவுல இனிப்பு பயறு விழுது வச்ச பேன்கேக், அதை விக்கற சின்னக் கடை, அங்க வேலை கேட்டு வர்ற வயசான தொகுயேவா கிகி. கடைக்காரர் கண்ணு மொதல்ல போறது அவங்க கோணிப்போன விரல் மேல. இனிப்பு பயறு விழுது செய்யறதுல அந்தம்மா கில்லாடி, பயறுகிட்ட பேசுவாங்க, ஆவி வர்ற பாத்திரத்துக்குள்ள மூஞ்சை விட்டு கேப்பாங்க. அவங்களுக்கு சின்ன வயசுல தொழுநோய் வந்து சானடோரியத்துல அடைச்சு வச்சவங்கன்னு போகப் போகத்தான் தெரியும், ஜப்பான்ல அந்த நோயாளிகளைப் பிரிச்சு வைக்கற சட்டத்தை 1996லதான் எடுத்தாங்க. முப்பது வயசுல கையை க்ளவுஸ்ல மறைச்சு கெழவியா நடிச்ச அதே ஆளு, எழுபது தாண்டி விரலை மடக்கி வச்சுகிட்டு படம் பூரா மாவும் பயறும் கிண்டறாங்க. கவாசே படத்துல கொஞ்சம் செர்ரிப் பூ ஜாஸ்தி, எனக்கு அங்கங்க திகட்டுச்சு, ஆனா கிகி வர்ற எடமெல்லாம் தரையில நிக்குது. சொந்தப் பேத்தி க்யாரா உச்சிதாவும் இதுல பள்ளிக்கூடப் பொண்ணா வருவா.

இதுக்கெல்லாம் பின்னாடி இன்னொண்ணு இருக்கு. 2003ல ஒரு கண்ணுல பார்வை போச்சு, அப்புறம் மார்பகப் புற்றுநோய், 2005ல ஆபரேஷன். 2013ல ஜப்பான் அகாடமி விருது மேடையில சிறந்த நடிகை விருதைக் கையில வாங்கிகிட்டு, எனக்கு உடம்பு பூரா கேன்சர்னு சாதாரணமா சொல்லிட்டாங்க. அது கேட்டு அதிர்ந்து போனவங்களுக்கு அப்புறம் அவங்க குடுத்தது என்னன்னு பாருங்க, ஸ்வீட் பீன், அவர் லிட்டில் சிஸ்டர், ஆஃப்டர் தி ஸ்டார்ம், ஷாப்லிஃப்டர்ஸ். 2016 புத்தாண்டு சமயத்துல ஒரு பதிப்பகத்தோட பேப்பர் விளம்பரத்துக்கு ஷேக்ஸ்பியர் நாடகத்துல தண்ணியில முங்கிச் சாகற ஒஃபீலியா மிதக்கற ஓவியம் மாதிரி படுத்து போஸ் குடுத்தாங்க, சாகறப்பவாவது என்னை என் இஷ்டத்துக்கு விடுங்கன்னு அதுல வாசகம். பீடத்துல வைக்கறவங்க இதையும் பாத்துட்டு வைங்க.

கொரே-எடாவோட மொத்தம் ஆறு படம். அதுல ஆஃப்டர் தி ஸ்டார்ம் இந்த டிஸ்க்குக்கு நல்ல ஜோடி, திருப்பியும் ஹிரோஷி அபே மகன், திருப்பியும் இவங்க அம்மா, ஆனா இந்தத் தடவை சின்ன அபார்ட்மெண்ட், காசு இல்லாத வீடு. ஃப்ரீசர்ல கல்லா உறைஞ்ச கல்பிஸ் ட்ரிங்கை மகனும் அம்மாவும் ஸ்பூனால சொரண்டி சொரண்டி சாப்பிடற ஒரு சீன் இருக்கு, கிகியோட காமெடி டைமிங்கைப் பாக்கணும்னா அதைப் பாருங்க, டிவி நாள் நடிப்பு எப்படி இருந்திருக்கும்னு ஒரு ருசி கெடைக்கும். ஷாப்லிஃப்டர்ஸ்ல கடற்கரை சீன்ல அலையில விளையாடற குடும்பத்தைப் பாத்து சத்தமே இல்லாம உதட்டை அசைப்பாங்க, அது ஸ்க்ரிப்ட்ல இல்ல, அவங்களா முணுமுணுத்தது, டைரக்டரே எடிட்டிங்லதான் கவனிச்சாரு.

இப்ப ப்ளேயர் விவகாரம். இது அமெரிக்க டிஸ்க், ரீஜன் ஏ. இந்தியாவும் இலங்கையும் ரீஜன் சி, அதனால நம்ம ஊர் ப்ளூரே ப்ளேயர்லயோ இங்க வாங்குன பிளேஸ்டேஷன்லயோ போட்டீங்கன்னா ரீஜன் தப்புன்னு ஒரு மெசேஜ்தான் வரும். மல்டி ரீஜன் ப்ளேயர் வேணும், வாங்கறப்போ டிவிடிக்கு மட்டும் மல்டி ரீஜனா, ப்ளூரேக்கும் சேத்தான்னு கேட்டு வாங்குங்க, கடையில ரெண்டையும் குழப்பி விப்பாங்க. சிங்கப்பூர், மலேசியா, அமெரிக்கா, கனடாவுல இருக்கற நம்மாளுங்களுக்கு பிரச்சினையே இல்ல, எல்லாம் ரீஜன் ஏதான். லண்டன், பாரிஸ், ஆஸ்திரேலியா ரீஜன் பி, அங்கயும் ஓடாது. எனக்கு ஒரு ஆன்லைன் கடையிலேந்து வந்த பார்சல்ல பெட்டி மூலை நசுங்கி உள்ள டிஸ்க்கைப் புடிச்சிருக்கற பல்லு உடைஞ்சு கெடந்துச்சு, டிஸ்க்ல கீறல் இல்லங்கறதால தப்பிச்சேன், பேரு சொல்லல, எங்க வாங்குனாலும் பார்சலைப் பிரிக்கறப்போ வீடியோ எடுத்து வச்சுக்கங்க.

வெலை 40 டாலர் கிட்ட போட்டிருக்கும், அந்த வெலைக்கு வாங்காதீங்க. அமெரிக்காவுல பார்ன்ஸ் அண்ட் நோபிள் கடையில வழக்கமா ஜூலையிலயும் நவம்பர்லயும் கிரைட்டீரியன் டிஸ்க்கெல்லாம் பாதி வெலைக்குப் போடுவாங்க, அங்க இருக்கற சொந்தக்காரங்க யாராவது ஊருக்கு வர்றப்போ சொல்லி வச்சுட்டா கூரியர் செலவும் கஸ்டம்ஸ் தொல்லையும் மிச்சம். ஸ்ட்ரீமிங்ல இருக்கேன்னு கேக்கறவங்களுக்கு, இன்னைக்கு இருக்கும் நாளைக்கு இருக்காது, அதுலயும் நான் பாத்த ஒரு ஆப்புல வெள்ளைச் சட்டை மேல வெள்ளை சப்டைட்டில், படம் முடியற சீன்லயே அடுத்த படத்துக்கு கட்டம் வந்து நிக்கும். இந்தப் படத்தோட கடைசியில ஒரு விஷயம் இருக்கு, அம்மாவும் மகனும் ஒரு சுமோ வீரர் பேரை ஞாபகப்படுத்தப் பாத்து முடியாம, பஸ் கெளம்பினதுக்கு அப்புறம் மகனுக்கு மட்டும் பேரு ஞாபகம் வரும், அம்மாகிட்ட சொல்ல முடியாது. அந்த நேரத்துல மூலையில அஞ்சு நாலு மூணுன்னு கவுன்ட்டவுன் ஓடுச்சுன்னா ரிமோட்டைத் தூக்கி எறியலாம்னு இருக்கும். டிஸ்க்லயே பாருங்க.